வாசித்ததாகக் கொள்ளப்படும்

இலக்கியத்தில் யாரும் காதுகொடுக்காமல் விட்ட குரல்களைத் தேடிக் கண்டுபிடிப்பதற்கென்றே அந்தக் காலத்துத் தென்னாற்காடு மாவட்டத்தில் ஒரு பேரவை இருந்தது. ‘அறியப்படாத குரல்கள் ஆய்வுப் பேரவை’ என்று பெயர். கள்ளக்குறிச்சியில் கூடும். தலைவர் பேராசிரியர் காசிநாதன். ஆங்கில இலக்கியத்தில், அதிலும் நானூறு வருஷத்துக்கு முந்தைய நாடகங்களில், அவருடைய புலமையைச் சந்தேகப்பட்டவர் யாரும் இல்லை. அவர் அதைப் பற்றி எதுவும் எழுதியதில்லை என்பதால் சந்தேகப்பட வழியும் இல்லை.

பேரவைக் கூட்டம் என்றால் முதலில் குத்துவிளக்கு. பிறகு வரவேற்புரை, தலைமையுரை, முன்னிலை உரை, வாழ்த்துரை, சிறப்புரை. ஒவ்வொரு உரைக்கும் முன்னால் ஒரு பொன்னாடை, பின்னால் ஒரு பொன்னாடை. இதெல்லாம் முடிந்தபிறகு, நிகழ்ச்சி நிரலின் கடைசியில், சின்ன எழுத்தில் ‘ஆய்வுக் கட்டுரை வாசிப்பு’ என்று இருக்கும். ஒருநாள் சாம்பார் வாசனை மேடைவரைக்கும் வந்துவிட்டது. காசிநாதன் எழுந்து, “நேரமின்மை காரணமாக ஆய்வுக் கட்டுரைகள் வாசித்ததாகக் கொள்ளப்படும்” என்றார். அப்படி ஒரு கைதட்டலை அந்த மண்டபம் அதுவரை கேட்டதில்லை. கட்டுரையாளர்கள்தான் அதிகம் தட்டினார்கள். அவர்களில் பாதிப்பேர் எழுதிக்கொண்டு வரவில்லை.

அன்றிலிருந்து அது பேரவையின் விதியாகிவிட்டது.

இந்தப் பேரவைக்குத்தான் கமலா வந்து சேர்ந்தாள். கள்ளக்குறிச்சிக்கு மேற்கே, கல்வராயன் மலை தெரிகிற தூரத்தில் அவள் ஊர். சுற்றிலும் கரும்பு, மரவள்ளி. எல்லாம் மற்றவர்களுடையது. அப்பா அம்மா போனபிறகு அக்கா குஞ்சம்மாள்தான் கரும்பு வெட்டி அவளைப் படிக்க வைத்தாள். கமலா எம்.ஏ. முடித்து, ஒரு தனியார் கல்லூரியில் டியூட்டராக இருந்துகொண்டே டாக்டர் பட்டத்துக்குப் பதிவுசெய்தாள். வழிகாட்டி காசிநாதன்.

அவள் ஆராய்ந்தது ஒரே ஒரு நாடகத்தை. எழுதியவர் பெயர் கிடையாது. முதல் பக்கத்தில் ‘ஒரு பெண்மணி இயற்றியது’ என்று மட்டும் இருக்கும். துறைமுகத்து வணிகன் ஒருவன் கப்பல் ஏறும்போது மனைவியிடம், “நான் திரும்பி வரும்வரை யாரிடமும் வாயைத் திறக்காதே” என்று சொல்லிவிட்டுப் போகிறான். கப்பல் திரும்பவில்லை. நான்கு அங்கம் முழுக்க ஊரே அவளைப் பற்றிப் பேசுகிறது. அவள் மேடையிலேயே நிற்கிறாள், பேசுவதில்லை. ஐந்தாம் அங்கத்தில் கரைக்குப் போய்க் கடலைப் பார்த்து வாயைத் திறக்கிறாள். அவள் பேசி முடித்ததும் நாடகமும் முடிந்துவிடுகிறது.

இதைப் பற்றி அறிஞர்கள் சொன்னது இவ்வளவுதான்: இது மேடைக்கு எழுதியதல்ல, சும்மா படிப்பதற்கு எழுதியது. அந்தக் காலத்தில் பெண் வேஷத்தைப் பையன்கள் போட்டார்கள். நான்கு அங்கம் பேசாமல் நிற்க எந்தப் பையன் ஒப்புக்கொள்வான் என்று ஒருவர் வேடிக்கையாகவும் எழுதியிருந்தார். கமலா அப்படி இல்லை என்றாள். இது வாய்விட்டுச் சொல்ல எழுதியது, மூச்சு வாங்க இடம் பார்த்து எழுதியது, நான்கு அங்கம் அவள் வாயைக் கட்டிவைத்ததே ஐந்தாவதில் ஊர் முழுக்க நின்று கேட்க வேண்டும் என்றுதான் என்றாள்.

அதற்கு அவளிடம் இருந்த சான்று அடுப்படியில் இருந்தது. சாயங்காலம் குஞ்சம்மாள் முருங்கைக்கீரை உருவிக்கொண்டிருப்பாள். கமலா பக்கத்தில் உட்கார்ந்து ஐந்தாம் அங்கத்தை இங்கிலீஷில் உரக்கப் படிப்பாள். அக்காவுக்கு ஒரு வார்த்தை தெரியாது. ஆனால் சில இடங்களில் கீரை உருவுகிற கை நின்றுவிடும். கமலா அந்த இடங்களைப் பென்சிலால் குறித்துக்கொண்டாள். வேறு நாளில் படித்தாலும் கை அதே இடங்களில்தான் நின்றது.

“இன்னிக்கு அவ இன்னா சொல்றா?” என்பாள் குஞ்சம்மாள்.

“‘என் வாயப் பூட்டிட்டுப் போனியே, சாவிய யாருகிட்ட குடுத்துட்டுப் போன’ன்னு கேக்கறாக்கா.”

“யாரக் கேக்கறா?”

“கடல.”

“கடலப் போயி கேக்கற மாதிரி ஆக்கிட்டானுங்க பாரு. வாயத் தொறடின்னு சொல்ல அந்த ஊர்ல ஒருத்திகூடவா இல்ல?”

குஞ்சம்மாளின் கை நின்ற இடங்களைக் கட்டுரையின் அடிக்குறிப்பில் கமலா எழுதியிருந்தாள். காசிநாதன் கண்ணாடியை இறக்கிக்கொண்டு பார்த்தார்.

“எல்லாம் சரி. இந்தக் குஞ்சம்மாள் எந்த ஊர்ப் பதிப்பு?”

“பதிப்பு இல்லீங்க சார். எங்க அக்கா.”

“அக்காவெல்லாம் அடிக்குறிப்பில் வரக்கூடாதம்மா. நன்றியுரையில் வரலாம். அதுவும் வழிகாட்டி, கணவர் இவர்களுக்குப் பிறகு.”

“எனக்குக் கல்யாணம் ஆவலீங்க சார்.”

“பரவாயில்லை. இடம் விட்டு வையுங்கள்.”

குஞ்சம்மாளுக்கு ஒரே ஒரு ஆசை இருந்தது. தங்கச்சி ஒரு மேடையில் ஏறி நின்று அந்தக் கடைசிப் பேச்சைச் சொல்ல வேண்டும். “வூட்லதான் தெனம் கேக்கறியேக்கா” என்று கமலா சிரிப்பாள்.

“எனக்குச் சொல்லிட்டா போதுமாடி? அவ நாலு பேர் எதிர்ல சொல்லணும்னுதான எழுதி வெச்சிட்டுப் போயிருக்கா. நீ சொல்லிட்டன்னா அவளுக்கும் ஒரு ஆறுதல்.”

செத்து நானூறு வருஷமான ஒருத்திக்கு ஆறுதல் தேவை என்று நினைத்தவர் அந்த மாவட்டத்தில் குஞ்சம்மாள் ஒருத்திதான். பேரவைக்கு அப்படி ஒரு எண்ணம் வந்ததாகத் தெரியவில்லை.

கமலா வாசிக்க வேண்டிய முதல் கூட்டம் எண்பத்தாறில் நடந்தது. இடஒதுக்கீடு கேட்டு அப்போதே அங்கங்கே சாலை மறியல் தொடங்கியிருந்தது. குஞ்சம்மாள் கரும்பு வெட்டுக்கு லீவு போட்டுவிட்டு, ஊதா நிறப் புடவை கட்டிக்கொண்டு வந்தாள். முன்வரிசை காலியாக இருந்ததால் போய் உட்கார்ந்தாள். கல்லூரிப் பியூன் ஓடிவந்தார்.

“யம்மா, எழுந்திரு. இது அறியப்படாத குரலுங்களுக்கு ஒதுக்குன சீட்டு. நீ பின்னால போயி குந்து.”

குஞ்சம்மாள் கடைசி பெஞ்சுக்குப் போனாள். காசிநாதன் தலைமையுரையைத் தொடங்கினார்.

“வெளியே சாலையில் இடம் கேட்டு உட்கார்ந்திருக்கிறார்கள். இங்கே நாம் கேட்காமலேயே இடம் தருகிறோம். முன்வரிசை முழுவதையும் அறியப்படாத குரல்களுக்கென்று ஒதுக்கிவிட்டோம். குரல்கள்தான் வரவில்லை. வீணாகக் கூடாதே என்று இப்போது தாசில்தார் குடும்பத்தார் அமர்ந்திருக்கிறார்கள். இந்தப் பேரவையில் எல்லோருக்கும் இடம் உண்டு. இடம் என்றால் நாற்காலி என்று யாரும் குறுக்கிப் புரிந்துகொள்ளக் கூடாது.”

அவருக்குப் பிறகு கல்லூரித் தாளாளர் தனசேகரன் பேசினார். அவருக்கு ரைஸ்மில் இருந்தது. “நாடகம்னா எனக்கு உயிர். பார்த்ததில்ல, நேரம் கிடைக்கல. ஆனா நாடகம் படிக்கிறவங்களுக்கு நான் கட்டடம் கட்டிக் கொடுப்பேன். கட்டடம் இருந்தா நாடகம் தானா வந்துரும்” என்றார். நீண்ட உரை. அரிசியின் ரகங்களைப் பற்றியும் சில தகவல்கள் இருந்தன.

கமலா காகிதங்களை மடியில் வைத்துக்கொண்டு மேடை ஓரத்தில் உட்கார்ந்திருந்தாள். அவள் பெயரைச் சொன்னார்கள். எழுந்தாள். ஒரு பொன்னாடை போட்டார்கள். வாசித்ததாகக் கொண்டார்கள். எல்லோரும் சாப்பிடப் போய்விட்டார்கள்.

குஞ்சம்மாள் கடைசி பெஞ்சிலிருந்து எழுந்து முகத்தைத் துடைத்துக்கொண்டே வந்தாள்.

“நீ எப்ப பேசின? நான் தூங்கிட்டனா?”

“இல்லக்கா. நேரம் இல்லியாம். பேசினதா வெச்சிக்கிறாங்களாம்.”

குஞ்சம்மாள் கொஞ்ச நேரம் யோசித்தாள். பிறகு அவளுக்குச் சிரிப்பு வந்துவிட்டது. மறுநாள் கரும்புக் கொல்லையில் எல்லோரிடமும் சொன்னாள். அந்த சீசன் முழுக்க அதுதான் பேச்சு. “மேஸ்திரி, இந்த வரிசைய வெட்டினதா வெச்சிக்குங்க” என்பார்கள். பக்கத்து வீட்டுப் பெரியம்மாள் தன் புருஷனுக்கு வெறும் தட்டை வைத்துவிட்டு, “துன்னதா வெச்சிக்கய்யா” என்றாள். கமலாவும் சிரித்தாள். உள்ளுக்குள் அவளுக்கு அழுகையாக வந்தது.

அடுத்த கூட்டத்தைக் கல்வராயன் மலைமேல், ஒரு விருந்தினர் மாளிகையில் வைத்தார்கள். குரல்களைத் தேட அமைதியான இடம் வேண்டும் என்று காசிநாதன் சொல்லியிருந்தார். மலைமேல் குளிர்ச்சி என்பதையும் அவர் மறுக்கவில்லை. குஞ்சம்மாளுக்கு அப்போதே வயிற்றில் வலி இருந்தது. கொண்டை ஊசி வளைவுகளில் பஸ் திரும்பத் திரும்ப வாந்தி எடுத்தாள். இருந்தாலும் அதே ஊதாப் புடவையில் வந்து, கேட்காமலேயே கடைசி வரிசைக்குப் போய் உட்கார்ந்துவிட்டாள்.

வரலாற்றில் ஒடுக்கப்பட்ட குரல்களுக்காக எல்லோரும் எழுந்து இரண்டு நிமிடம் மௌனம் காக்க வேண்டும் என்று அறிவித்தார்கள். காத்தார்கள். தனசேகரனின் ஜீப் இன்னும் மலை ஏறவில்லை என்று தகவல் வந்தது. அவர் இல்லாமல் விளக்கு ஏற்ற முடியாது. விளக்கு ஏற்றாமல் பேச முடியாது. அதனால் மௌனத்தை நீட்டித்தார்கள். கால் மாற்றிக் கால் மாற்றி நின்றார்கள். குஞ்சம்மாள் வயிற்றைப் பிடித்துக்கொண்டு, எதிரே இருந்த நாற்காலி முதுகில் சாய்ந்து நின்றாள். இங்கிலீஷ்காரர்கள் இவ்வளவு பேரா செத்திருப்பார்கள் என்று பக்கத்தில் இருந்தவரை மெதுவாகக் கேட்டாள். ஜீப் சத்தம் கேட்டதும் மௌனம் முடிவுக்கு வந்தது.

பிறகு கரண்ட் போனது. தலைமையுரை, வாழ்த்துரை எல்லாம் மைக் இல்லாமலே நடந்தன. கட்டுரை வாசிப்புக்கு மட்டும் மைக் அவசியம் என்று காசிநாதன் கருதினார். வாசித்ததாகக் கொள்ளப்பட்டது. இந்தமுறை கட்டுரைகளை மதிப்பிட ஒருவரை வரவழைத்திருந்தார்கள். அவர் எழுந்து, “அம்மையார் கமலாவின் கட்டுரை அருமை. ஒரே ஒரு குறை. இன்னும் சற்று உரக்க வாசித்திருக்கலாம். பின்வரிசைக்குக் கேட்டிருக்காது” என்றார்.

கடைசி வரிசையில் குஞ்சம்மாள் அவசரமாக எழுந்து நின்றாள். “நெசமாவே கேக்கலீங்க” என்றாள். எல்லோரும் சிரித்தார்கள். மதிப்பிட்டவர் தன் கருத்துக்கு ஆதாரம் கிடைத்த திருப்தியில் அமர்ந்தார்.

அடுத்த வருஷம் ஆடி மாதத்துக்குள் குஞ்சம்மாளால் கரும்புக் கத்தியைத் தூக்க முடியாமல் போனது. ஆஸ்பத்திரியில் வயிற்றில் கட்டி என்றார்கள். முற்றிவிட்டது, வீட்டுக்குக் கொண்டுபோய் வாய்க்குப் பிடித்ததைக் கொடுங்கள் என்றார்கள். வாய்க்குப் பிடித்தது எதுவும் உள்ளே போகவில்லை.

அதே நேரத்தில் கமலாவுக்கு டாக்டர் பட்டத்துக்கான வாய்மொழித் தேர்வு வந்தது. வாய்மொழி என்பதால் இந்தமுறை எப்படியும் வாயைத் திறக்கவேண்டி வரும் என்று நம்பிப் போனாள். வெளியூரிலிருந்து வரவேண்டிய தேர்வாளர் உளுந்தூர்ப்பேட்டையிலேயே மறியலில் மாட்டிக்கொண்டார். காசிநாதன் அரைமணி நேரம் கடிகாரத்தைப் பார்த்தார். பிறகு அவளுடைய கையைக் குலுக்கினார்.

“கேள்விகள் கேட்கப்பட்டதாகவும், நீங்கள் செம்மையாகப் பதில் அளித்ததாகவும் கொள்ளப்படும். வாழ்த்துகள், டாக்டர் கமலா.”

“சார், நான் ஒண்ணுமே சொல்லலீங்களே.”

“அதனால்தான் தவறு எதுவும் நேரவில்லை” என்றார் அன்போடு.

செய்தி கேட்டுக் குஞ்சம்மாள் பாயில் எழுந்து உட்கார்ந்தாள். பெரியம்மாளைக் கூப்பிட்டுத் தெருவுக்கெல்லாம் சர்க்கரை கொடுக்கச் சொன்னாள். எல்லோரும் போனபிறகு கேட்டாள்.

“டாக்டர் ஆயிட்ட. செரி. அந்தப் பொம்பள பேச்ச எப்ப சொல்லப் போற?”

கமலா மறுநாளே காசிநாதனின் வீட்டுக்குப் போய் நின்றாள். அவள் யாரிடமும் எதையும் கேட்டுப் பழகியவள் இல்லை. அன்று கேட்டாள். அக்காவுக்கு நாள் இல்லை, ஐந்தாம் அங்கத்துப் பேச்சை மட்டும் சொல்லக் கொஞ்ச நேரம் கொடுங்கள், முன்னால் நாலு பேர் இருந்தால் போதும் என்றாள். சொல்லும்போதே குரல் உடைந்துவிட்டது. காசிநாதனுக்கும் கண் கலங்கியது. அவர் கெட்ட மனிதர் இல்லை, நேரமில்லாத மனிதர். கள்ளக்குறிச்சியில் பேரவையின் புதுக் கட்டடம் திறக்கப் போகிறார்கள், அன்றைக்கு முதல் நிகழ்ச்சியே உங்கள் வாசிப்புதான், என்மேல் ஆணை என்றார்.

அந்த நாள் எண்பத்தேழு செப்டம்பரில், பெரிய மறியல் வாரத்தில் வந்து விழுந்தது. ஒரு வண்டியும் ஓடவில்லை. திறப்பு விழாவை மட்டும் தள்ளிவைக்க முடியாது, நாள் பார்த்தாகிவிட்டது என்றார்கள். ஊரில் அய்யனார் என்பவரிடம் மாட்டுவண்டி இருந்தது. மூங்கில்துறைப்பட்டு சர்க்கரை ஆலைக்குக் கரும்பு ஏற்றிப் போகிற வண்டி. அதில் வைக்கோல் பரப்பி, மேலே ஜமுக்காளம் போட்டு, குஞ்சம்மாளைப் படுக்கவைத்தார்கள். ஊதாப் புடவை இப்போது அவளை இரண்டு சுற்று அதிகமாகச் சுற்றியது.

கள்ளக்குறிச்சிக்கு இந்தப் பக்கத்திலேயே சாலைக்குக் குறுக்கே ஒரு பெரிய புளியமரம் கிடந்தது. அதன்மேல் வரிசையாக ஆட்கள் உட்கார்ந்திருந்தார்கள். அவர்களில் தலையில் துண்டு கட்டியிருந்தவர் எழுந்து வந்தார்.

“எங்க போறீங்க? ஆஸ்பத்திரியா?”

ஆமாம் என்று சொல்லியிருந்தால் போதும். கமலாவுக்கு அன்றைக்குப் பொய் சொல்ல வரவில்லை.

“இல்லீங்க. நான் ஒரு எடத்துல பேசப் போறேன். எங்க அக்கா அதக் கேக்கணும்னு ஆசப்படுது.”

“இன்னாத்தப் பத்திப் பேசப் போற?”

அவள் சொன்னாள். கப்பல், வணிகன், வாயைத் திறக்காமல் நின்றவள், கடற்கரை எல்லாவற்றையும் சொன்னாள். மரத்தின்மேல் உட்கார்ந்திருந்தவர்கள் ஒவ்வொருவராக இறங்கி வண்டியைச் சுற்றி நின்றுகொண்டார்கள். வெயில் கொளுத்தியது. அவள் முடித்தபிறகு துண்டுக்காரர் கேட்டார்.

“கப்பல் வந்துச்சா, இல்லியா?”

“வரலீங்க.”

“நாங்களும் வருஷக்கணக்கா கேட்டுகினுதான் கீறோம்” என்றார் அவர். பிறகு திரும்பி மற்றவர்களைப் பார்த்தார். “ஒரு கை புடிங்கப்பா.” மரத்தின் நுனிப்பக்கத்தைத் தூக்கி வண்டிக்கு வழி விட்டார்கள். “பேசிட்டு வாம்மா. திரும்பி வரும்போதும் தூக்கி வுடறோம்.”

டாக்டர் கமலா அதுவரை சொன்ன எதையும் முழுசாகக் கேட்ட முதல் கூட்டம் அதுதான். குத்துவிளக்கு இல்லாததால் அதைப் பேரவை கணக்கில் எடுத்துக்கொள்ளாது.

புதுக் கட்டடத்தில் சுண்ணாம்பு வாசனை அடித்தது. மறியலால் ஆட்கள் வரவில்லை. மேடையில் இருந்தவர்களைவிடக் கீழே இருந்தவர்கள் கம்மி. அதனால் வரமுடியாத அன்பர்கள் அனைவரும் வருகை தந்ததாகக் கொள்ளப்படுவார்கள் என்று காசிநாதன் அறிவித்தார். வராதவர்களுக்கும் வணக்கம் சொன்னார். முதல் நிகழ்ச்சி கமலாவின் வாசிப்புதான். ஆனால் முதல் நிகழ்ச்சிக்கு முன்னால் வரவேற்புரை இருக்கத்தானே வேண்டும். வரவேற்றவரை வாழ்த்த வேண்டும். வாழ்த்தியவருக்குப் பொன்னாடை போட வேண்டும். தனசேகரன் கட்டடத்துக்கு ஆன செங்கல்லைப் பற்றிப் பேசினார். கடைசி பெஞ்சில் அய்யனாரின் மடியில் தலை வைத்துப் படுத்திருந்த குஞ்சம்மாள், கண்ணை மூடாமல் மேடையையே பார்த்துக்கொண்டிருந்தாள்.

ஒருவழியாகக் கமலாவின் பெயரைச் சொன்னார்கள். அவள் மைக்குக்கு முன்னால் வந்து நின்றாள். காகிதத்தைப் பார்க்கத் தேவை இல்லை, எல்லாம் மனப்பாடம். மூச்சை இழுத்தாள்.

“ஒரு நிமிடம்” என்றார் காசிநாதன். தனசேகரன் அவர் காதில் ஏதோ சொல்லியிருந்தார். “ராகுகாலம் தொடங்கப் போகிறது. அதற்குள் கல்வெட்டைத் திறந்தாக வேண்டும். எல்லோரும் வாசலுக்கு வாருங்கள். கமலா, தவறாக எண்ணாதீர்கள். உங்கள் கட்டுரை…”

மிச்சத்தை அவர் நடந்துகொண்டே சொன்னார்.

நாற்காலிகள் காலியாயின. மைக்செட்காரர் வந்து, “வெளிய வோணுமாம்மா” என்று மைக்கைக் கழற்றிக்கொண்டு போனார். கமலா மேடையில் நின்றாள். வாசலில் கைதட்டல் கேட்டது. கல்வெட்டில், அறியப்படாத குரல்களுக்காக என்ற வரிக்குக் கீழே காசிநாதன், தனசேகரன் பெயர்கள் பொறிக்கப்பட்டிருந்தன. கமலா இறங்கிக் கடைசி பெஞ்சுக்குப் போனாள். அக்காவின் கண் மூடியிருந்தது. மூச்சு மட்டும் இருந்தது.

வண்டி கொஞ்ச தூரம் வந்தபோது குஞ்சம்மாள் கண்ணைத் திறந்தாள்.

“முடிஞ்சிதா?”

“முடிஞ்சிதுக்கா.”

“நான் இன்னிக்குமா தூங்கிட்டேன்?”

கமலா அய்யனாரின் முதுகைப் பார்த்தாள். அவர் மாட்டை ஓட்டிக்கொண்டிருந்தார்.

“ஆமாக்கா. தூங்கிட்ட. நான் பேசினேன்.”

“எல்லாத்தயுமா?”

“எல்லாத்தயும்.”

“கேட்டாங்களா?”

“கேட்டாங்க.”

“அவ சாவியக் கேக்கறாளே, அப்ப?”

“ஒருத்தரும் மூச்சு வுடலக்கா.”

குஞ்சம்மாள் சிரித்தாள். “சொன்னேன் பாத்தியா” என்று கமலாவின் கையைத் தட்டிக்கொடுத்தாள். பேரவையின் விதியைக் கமலா தன் வாழ்க்கையில் பயன்படுத்தியது அந்த ஒரு தடவைதான்.

புளியமரம் கிடந்த இடத்துக்கு வண்டி வருவதற்குள் அந்தக் கை அவள் கைமேல் கனத்துவிட்டது. துண்டுக்காரர் சிரித்துக்கொண்டே, “பேசிட்டியா?” என்று கேட்க வந்தவர், வண்டிக்குள் எட்டிப்பார்த்துவிட்டுத் தலைத்துண்டை அவிழ்த்தார். யாரும் சொல்லாமலே மரத்தைத் தூக்கினார்கள்.

மறுநாள் எடுத்தார்கள். தெருப் பெண்கள் கட்டிப்பிடித்து வட்டமாக உட்கார்ந்து ஒப்பாரி வைத்துக்கொண்டிருந்தார்கள். பெரியம்மாளுக்கு நல்ல குரல். கரும்புக் கொல்லை, கத்தி, ஊதாப் புடவை எல்லாம் பாட்டில் வந்தன. கமலா மட்டும் அழாமல், வாய் திறக்காமல் அக்காவின் தலைமாட்டில் உட்கார்ந்திருந்தாள். காலையிலிருந்து ஒரு வார்த்தை பேசவில்லை. இப்படியே விட்டால் இவளுக்கு ஏதாவது ஆகிவிடும் என்று பெண்கள் பயந்தார்கள்.

பாடை கட்டி முடித்த நேரத்தில் காசிநாதனும் தனசேகரனும் மாலையோடு வந்து இறங்கினார்கள். போலீஸ் வண்டி ஒன்றின் பின்னாலேயே வந்துவிட்டதாகச் சொன்னார்கள். மாலையைப் போட்டுவிட்டுக் காசிநாதன் தொண்டையைச் செருமினார். ஒப்பாரி நின்றது.

“மறைந்த குஞ்சம்மாள் அவர்கள் ஒரு அறியப்படாத குரல். பேரவை இதை நேற்று மாலைதான் கண்டறிந்தது. ஆங்கில நாடக ஆய்வுக்கு அவர் ஆற்றிய தொண்டை அடிக்குறிப்பிலேயே குறித்திருக்க வேண்டும் என்பது என் நெடுநாளைய கருத்து. அவர் பெயரில் ஆண்டுதோறும் ஒரு நினைவுச் சொற்பொழிவு நடைபெறும். முதல் சொற்பொழிவை நிகழ்த்த நானே மனமுவந்து ஒப்புக்கொண்டிருக்கிறேன். அதன் முன்னுரையாக இங்கே ஒரு சில…”

பெரியம்மாள் முந்தானையால் மூக்கைத் துடைத்துக்கொண்டாள். அவள் குரலில் கோபம் இல்லை.

“ஐயா, எடுக்க நேரமாவுதுங்க. நீங்க பேசினதா வெச்சிக்கிறோம். அப்டி ஓரமா குந்துங்க.”

கரும்பு வெட்டுகிற பெண்கள் யாரும் சிரிக்கவில்லை. காசிநாதன் சுற்றிப் பார்த்தார். நாற்காலி இல்லை. தனசேகரனோடு போய்ச் சுவரோரமாகக் குத்துக்காலிட்டு உட்கார்ந்தார்.

பெரியம்மாள் கமலாவின் தோளைப் பிடித்து வட்டத்துக்குள் இழுத்தாள்.

“வாயத் தொறடி. இன்னாத்தயாச்சும் சொல்லி அழு.”

கமலா அக்காவின் முகத்தைப் பார்த்தாள். அவளுக்கு வந்தது ஒன்றே ஒன்றுதான். இங்கிலீஷில் வந்தது. முதல் வரியில் குரல் கரகரத்தது. இரண்டாவது வரியில் பெரியம்மாள் மாரில் அடித்தாள். மூச்சு விடுகிற இடம் வந்தது. வட்டத்தில் இருந்த எல்லோரும் ஒரே சமயத்தில் மூச்சு விட்டார்கள். அடுத்த இடத்திலும் விட்டார்கள். கீரை உருவிய கை எங்கெல்லாம் நின்றதோ அங்கெல்லாம் விட்டார்கள். அந்த வட்டத்தில் யாருக்கும் ஒரு வார்த்தை தெரியாது. நாடகத்துப் பெண் கடலிடம் சாவியைக் கேட்ட வரியில் கமலாவுக்கு அழுகை வெடித்தது. அழுதுகொண்டே முழுவதையும் சொன்னாள். பாடையைத் தூக்க வந்தவர்கள் கையைக் கட்டிக்கொண்டு நின்றார்கள்.

அவள் சொல்லி முடித்தாள். பெரியம்மாள் குஞ்சம்மாளின் கலைந்த முடியை ஒதுக்கிவிட்டாள். பிறகு கமலாவைப் பார்த்தாள்.

“இன்னொருக்கா சொல்லு கமலா. கொஞ்சம் ஒரக்கச் சொல்லு. தூங்கிகினு கெடக்கறா.”